ஓம் சொல்லப் பழகியவன்

1

இந்தக் கதை ஒரு சலூன் கதிரையில் பிறந்தது. வன்னியில், கனகராயன்குளத்தில் முடி வெட்டக் குந்தியிருந்தேன். வானொலியில் அறிவிப்பாளன் செந்தூரன் ஒரு ரோட்டு ஒப்பந்தக்காரரைக் கிழி கிழியென்று கிழித்துக்கொண்டிருந்தான். முடி வெட்டுபவர் குலுங்கிச் சிரித்ததில் என் மீசையில் ஒரு பக்கம் போய்விட்டது. அந்த ஆத்திரத்தில்தான் எழுதுகிறேன். இலக்கிய சேவை ஒன்றுமில்லை.

2

வன்னியின் அச்சமற்ற குரலான செந்தூரன்… (வேண்டாம். இது அவனே தன் சுவரொட்டியில் போட்டுக்கொண்டது.)

கோயில் ஒலிபெருக்கியில் காணாமற்போன செருப்புகளை அறிவித்துத் தொடங்கியவன்… (உண்மைதான். ஆனால் கோபிப்பான்.)

சரி, நேரே வருவோம். காலையில் வானொலி, பின்னேரம் உள்ளூர்த் தொலைக்காட்சி. பிந்தி வரும் டாக்குத்தர், நிற்காமல் போகும் பஸ், ஒருவரும் அவன் வாய்க்குத் தப்பியதில்லை. மலையகத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து வந்து காட்டோரம் குடியேறி, இன்னும் காணிக்கு உறுதிப் பத்திரமில்லாமல் இருக்கும் சனத்தைப் பற்றி மட்டும் ஐயா வாயே திறப்பதில்லை. ஏனென்றால் அவனும் அங்கே பிறந்தவன். வீட்டில் வைத்த பெயர் சுடலைமுத்து. குளியலறைக்குள் நின்று 'ஓம், ஓம்' என்று சொல்லிச் சொல்லிப் பழகினான். பக்கத்து வீட்டார் தியானம் என்று நினைத்தார்கள்.

(அடிக்குறிப்பு: வன்னியில் 'ஆமா'வுக்கு 'ஓம்' என்பார்கள். இங்கே 'ஆமா' என்று சொல்லிப் பாருங்கள். "நீங்கள் எந்தத் தோட்டம்?" என்ற கேள்வி உடனே வரும்.)

3

காலை நேரலை. ஒரு பெண் அழைத்தாள்.

"தம்பி, நம்ம வாசல்ல வன இலாகாக்காரங்க எல்லைக்கல்லு நட்டுட்டாங்க. நாளைக்குள்ள காலி பண்ணணுமாம். இதப் பத்திப் பேசுவியா?"

"அம்மா, நீங்கள் எங்கையிருந்து கதைக்கிறீங்கோ?"

"கொரலு தெரியலியா? ஒன் அக்கா சிவலட்சுமிடா. நீ என் போன எடுக்கிறதே இல்ல, அதான் ரேடியோவுக்குக் கூப்புட்டேன். அப்பா காடு வெட்டுன காணிடா அது!"

"ஆமாக்கா…"

வாய் தவறி 'ஆமா' விழுந்துவிட்டது. வன்னி முழுக்கக் கேட்டது. தயாரிப்பாளர் ஜெயந்தன் பாய்ந்து சோப்பு விளம்பரத்தைப் போட்டார்.

"என்னடாப்பா இது? நீ அந்தத் தோட்டத்துச் சனத்தின்ர ஆளே? பகிடி எண்டு சொல்லிச் சமாளி. இல்லாட்டி நாளைக்கு இஞ்ச வராதை."

4

முடிவு ஒன்று: "பகிடிக்குச் சொன்னனான், நேயர்களே!" சனம் சிரிக்கிறது. அக்காவின் வீடு போகிறது. (நடக்கக்கூடியது. எழுதக் கை கூசுகிறது.)

முடிவு இரண்டு: "என்ர பேர் சுடலைமுத்து!" என்று முழங்குகிறான், எல்லைக்கல் தானே பெயர்ந்து… (சும்மா இருங்கோ. கத்தினால் கல் பெயருமா? வேலைதான் போகும்.)

சோப்பு விளம்பரம் முடியப்போகிறது. செந்தூரன் கதை எழுதுகிற என்னைப் பார்க்கிறான். அக்கா இன்னும் லைனில் நிற்கிறாள், அழுகிறாள். முடிவு மூன்றுக்கு ஒலிவாங்கியை வாசிக்கிற உங்கள் பக்கம் திருப்பிவிட்டேன்.

கதையுங்கோ.