இடுக்கில் விரியும் அலை

பூஜ்யத்தை இயற்பியல் ஆசிரியர் உஸ்தாத் ரிஃபாத் சும்மா போடவில்லை. சிவப்பு மையில், மாதுளம்பழம் அளவுக்குப் போட்டு, நாற்பது பெண்களுக்கும் தெரியும்படி விடைத்தாளைத் தூக்கிக் காட்டினார்.

"இடைவெளி அகலமா இருந்தாத்தான் அலை நல்லா விரியும்னு போர்டுல எழுதிப் போட்டேன். இந்த மகாராணி, குறுகலா இருந்தாத்தான் விரியும்னு எழுதியிருக்கா. எங்கேடி படிச்சே இதை? உங்கப்பா மீன் கூடையிலயா?"

வகுப்பு சிரித்தது. ஷாஹிந்தா சிரிக்கவில்லை. அலெக்சாந்திரியாவின் அன்ஃபூஷிக் கரையில், கான்கிரீட் கட்டைகளின் சந்துக்குள் நுழையும் அலை உள்ளே போனதும் விசிறியாக விரிவதை நடை பழகிய நாளிலிருந்து பார்க்கிறவள் அவள். பாடப்புத்தகத்தின் படமும் அதையேதான் காட்டியது. உஸ்தாத் போர்டில் தலைகீழாக எழுதிவிட்டார், அவ்வளவுதான் விஷயம். அதை ஒப்புக்கொள்ள அந்த மீசைக்கு மனசு வரவில்லை.

"அடுத்த வருஷம் நீ இலக்கியப் பிரிவுக்குப் போ. அறிவியலுக்கு உன் பேரைத் தர மாட்டேன்."

பொறியியல் தவிர வேறு ஆசையே இல்லாத பெண்ணிடம் இதைச் சொன்னார். அழுகை இரண்டு நாளில் நின்றுவிட்டது. வன்மம் மட்டும் தங்கிவிட்டது. அந்தத் தாளை நான்காக மடித்துச் சட்டைப்பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தாள்.

பதினேழாம் நாள் கல்வித் துறை மேற்பார்வையாளர் நாதிரா வருவதாகத் தகவல் வந்தது. உஸ்தாத் வழக்கமான ஏற்பாட்டைச் செய்தார்.

"எல்லாரும் கை தூக்கணும். பதில் தெரிஞ்சவ வலது கை, தெரியாதவ இடது கை. நான் வலது கைக்காரியைத்தான் எழுப்புவேன். ஷாஹிந்தா, உனக்கு நிரந்தரமா இடது கை."

நாதிராவும் ஒரு காலத்தில் வகுப்பெடுத்தவர்தான். தூக்கிய கைகளைப் பார்த்ததுமே அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"இருங்க உஸ்தாத், நான் கேக்கறேன். ஜன்னல் பக்கம் இடது கை தூக்கின பொண்ணு, நீ சொல்லும்மா. அலை எப்ப அதிகமா விரியும்?"

ஷாஹிந்தா எழுந்தாள். சரியான பதிலைச் சொன்னால் இடது கைக்காரியே இவ்வளவு தெரிந்து வைத்திருக்கிறாளே என்ற பெருமையெல்லாம் உஸ்தாதுக்குப் போய்விடும். அந்தத் தர்மத்தைச் செய்ய அவள் தயாராக இல்லை.

"இடைவெளி அகலமா இருந்தா, அப்லா" என்றாள், டீச்சர்களை அழைக்கும் மரியாதைச் சொல்லோடு.

"யார் சொன்னா?"

"உஸ்தாத் சொல்லிக் குடுத்தார். நான் மாத்தி எழுதி பூஜ்யம் வாங்கினேன்." தாளைப் பிரித்து நீட்டினாள்.

நாதிரா படித்தார். காட்சிக்கு நிரப்பி வைத்திருந்த அலைத்தொட்டியில் இரண்டு கட்டைகளை நெருக்கி வைத்து, அளவுகோலால் தண்ணீரைத் தட்டினார். சந்துக்கு அப்பால் அலை அரைவட்டமாக விரிந்தது. கட்டைகளை விலக்கித் தட்டினார். அலை நேராகப் போனது. தாளைத் தன் பைக்குள் வைத்துக்கொண்டு வெளியேறினார்.

மாடிப்படியில் உஸ்தாத் அவளை மறித்தார். முகம் வெளிறிப் போயிருந்தது.

"அந்தம்மா நாளைக்கும் வர்றாங்க. 'கேள்வியை நான்தான் தப்பாப் புரிஞ்சுக்கிட்டேன்'னு நீயே சொல்லிடும்மா. முழு மார்க் போடறேன். அறிவியலுக்கும் எழுதித் தர்றேன்."

"மார்க்கை அவங்களே போடுவாங்க. நீங்க நாளைக்கு அவங்க முன்னால அந்தப் பாடத்தைத் திரும்ப நடத்துங்க. தப்பு உங்களுதுன்னு சொல்லி ஆரம்பிங்க."

"நடத்தலைன்னா?"

"நாப்பது நோட்டு இருக்கு, உஸ்தாத். எல்லாத்துலயும் நீங்க சொன்னதுதான் இருக்கு."

மறுநாள் நடத்தினார். "நான் தப்பா எழுதிட்டேன். ஷாஹிந்தா எழுதினதுதான் சரி" என்று ஆரம்பிக்கும்போதே கையில் சாக்பீஸ் ஒடிந்தது. இடுக்கையும் விரியும் அலையையும் வரைந்து முடித்தார். நாதிரா தலையசைத்தார்.

"யாருக்காவது புரியலையா?" என்று உஸ்தாத் கேட்டார்.

ஷாஹிந்தா எழுந்தாள். "எனக்குப் புரியலை, உஸ்தாத்."

மறுபடி வரைந்தார். வியர்வை காலருக்குள் இறங்கியது.

"இப்ப?"

"அலை புரிஞ்சுது. முதல்ல சொன்னீங்களே, தப்பு யாருதுன்னு, அந்த இடம்தான் புரியலை. அதைத் திரும்பச் சொல்லுங்க."