ரத்த சொந்தத்தில் ஒரு ஜாமீன்

லாரிக்காரரின் லாரி, காவல் நிலையத்தின் பின்பக்கம் வெயிலில் காய்ந்துகொண்டிருந்தது. அவர் காய்ச்சலில் படுத்திருந்த நேரம் பார்த்து, அவருடைய டிரைவர் அனுமதிச் சீட்டு இல்லாமல் ஆற்று மணலை ஏற்றிக்கொண்டு போய் மாட்டிக்கொண்டான். ஏற்றியவன் ஓடிவிட்டான், ஓடுவதற்கென்றே செய்த லாரி நின்றுவிட்டது.

வழக்கு முடியும்வரை அங்கேயே கிடந்தால், டயர் வெடிப்பு விட்டு, பேட்டரி செத்து, கடைசியில் பேரீச்சம்பழத்துக்குப் போடத்தான் ஆகும். அதைத் தவிர அவருக்குப் பிழைப்பும் இல்லை, பேச்சுத்துணையும் இல்லை. கல்யாணம் கட்டிக்கொள்ளாத மனிதர், மேடு வந்தால் "ஏறிடும்மா, ஏறிடு" என்று அதைக் கொஞ்சுவார். சிரிக்க வேண்டாம், கொஞ்ச வேறு ஆள் இல்லாதவர் என்ன செய்வார்?

வக்கீல் இடைக்கால விடுவிப்பு கேட்டு மனுப் போட்டார். நீதிபதியும் உத்தரவிட்டார்: விற்கக் கூடாது, பெயின்ட்கூட மாற்றக் கூடாது, கூப்பிட்ட அன்று கொண்டுவந்து நிறுத்த வேண்டும். எல்லாவற்றுக்கும் ஆடிய லாரிக்காரரின் தலை கடைசி நிபந்தனையில் நின்றது. இரண்டு பேர் ஜாமீன் தர வேண்டும். ஒருவர் ரத்த சொந்தமாக இருக்க வேண்டும்.

"டயர் கடைக்காரர் வருவார். இன்னொண்ணுக்கு அவர் தம்பியைக் கூட்டிட்டு வரட்டுமா?"

"அவர் தம்பி உங்களுக்கு ரத்த சொந்தமா?" என்றார் வக்கீல். "கூடப் பிறந்தவங்க யாரும் இல்லையாண்ணே?"

"ஒரு தங்கச்சி இருக்கா."

"அப்புறம் என்ன? தானாடாட்டியும் தன் சதை ஆடும். போய்க் கேளுங்க."

வக்கீலுக்கென்ன, பழமொழியைச் சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். தங்கையின் கணவர் இறந்த செய்தி வந்தபோது லாரிக்காரர் பாதி வழியில் இருந்தார். திரும்பியிருக்கலாம். சரக்கை இறக்கிவிட்டுத்தான் வந்தார். அதற்குள் எல்லாம் முடிந்து, வந்தவர்களும் போய், அவள் தனியாகப் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். அன்று முதுகைக் காட்டியவள், பிறகு முகம் காட்டவே இல்லை.

எந்த முகத்தை வைத்துக்கொண்டு போவது? இருந்த முகத்தோடு போனார். சொன்னதையெல்லாம் அவள் தையல் மெஷினை நிறுத்தாமலே கேட்டாள்.

"எப்ப வரணும்?"

"திங்கக்கிழமை காலையில."

"வீட்டு வரி ரசீது கொண்டாரணுமா?"

"ஆமா."

"சரி."

உட்காரச் சொல்லவில்லை. நின்றபடியே கொஞ்ச நேரம் தையலைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்.

திங்கட்கிழமை டயர் கடைக்காரர் ஜாமீன் சொல்லி ஒதுங்கியதும், நீதிபதியின் முன்னால் அவள் அவருக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். அத்தனை அருகில் அவளைப் பார்த்து வருஷக்கணக்காகிவிட்டது. காதோரம் நரைத்திருந்தது.

"நீங்க இவருக்கு என்னம்மா வேணும்?" என்றார் நீதிபதி.

"தங்கச்சிங்க. கூடப் பிறந்தவ."

"இவர் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தலேன்னா உங்களைத்தான் கூப்பிடுவோம். தெரியுமா?"

"தெரியுங்க."

"கொண்டுவருவார்னு நம்பிக்கை இருக்கா?"

"இருக்குங்க. யாரை வேணா விடுவாரு. அந்த லாரியை மட்டும் விடமாட்டாரு."

நீதிபதி அதை நற்சான்றிதழாக எடுத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார். லாரிக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

வெளியே வந்ததும், "வண்டியை எடுத்துட்டு வந்துடுறேன். வீட்டுல விட்டுடுறேன்" என்றார்.

"பஸ் இருக்கு" என்று அவள் நடந்துவிட்டாள்.

"அடுத்த தடவையும் தங்கச்சி வரணுமா?" என்று வக்கீலைக் கேட்டார்.

"அவங்க எதுக்குண்ணே? நீங்க ஒழுங்கா வண்டியைக் கொண்டுவந்தா அவங்களுக்கு வேலையே இல்ல. தவறினாத்தான் கூப்பிடுவாங்க."

நல்ல செய்தி சொன்ன நினைப்பில் வக்கீல் சிரித்தார்.

வண்டியைக் காட்டச் சொன்ன நாளும் வந்தது. லாரிக்காரர் பாதி வழியில் ஓரங்கட்டி, இன்ஜினை அணைத்துவிட்டு உட்கார்ந்தார். போகாவிட்டால் அவளைக் கூப்பிடுவார்கள். வருவாள். பக்கத்தில் நிற்பாள். தலைகுனிந்து நிற்பாள். அதை நினைத்ததும் சாவியைத் திருப்பினார்.

நேரத்துக்கு முன்பே கோர்ட்டில் கொண்டுபோய் நிறுத்தினார். எழுத்தர் நம்பரைச் சரிபார்த்து, "எல்லாம் சரியா இருக்கு. நீங்க போகலாம்" என்றார். யாரையும் கூப்பிட வேண்டியிருக்கவில்லை.