மஞ்சுநாட்டின் சும்மா நாட்கள்

ஜீவராணி டீச்சருக்குப் பொய் சொல்ல வராது என்று இலங்கை மலையகத்தில் நோர்வூட் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். வாழ்க்கையில் ஒரேயொரு பொய் சொன்னார். அதையும் "இது கற்பனை" என்று மேலே எழுதிவிட்டுத்தான் சொன்னார். ஊர் அதை மட்டும் நம்பிவிட்டது.

டீச்சர் படிப்பித்தது புவியியல். வீட்டுக்கு வந்து சோறு வடித்தபிறகு அடுப்படி மேசையில் உட்கார்ந்து பதினோரு வருஷமாக ஒரு நாவல் எழுதிக்கொண்டிருந்தார். மஞ்சுநாடு என்று ஒரு மலைநாடு. எந்நேரமும் பனிமூட்டம். சூரியனும் தெரியாது, நிலாவும் தெரியாது. பிறகு எதை வைத்து நாள் கணக்குப் பார்ப்பது? தேயிலைச் செடியை வைத்துத்தான். கிள்ளிய இடத்தில் மறுபடி துளிர் வர எட்டு நாள் ஆகும், ஆகவே வாரத்துக்கு எட்டு நாள். நாற்பத்தைந்து வாரம் போக மிச்சம் ஐந்து நாள். அவற்றுக்குச் சும்மா நாட்கள் என்று பேர் வைத்தார். அந்த ஐந்து நாளும் யாரும் யாருக்கும் கட்டளை போடக்கூடாது. ராஜாவே தன் வெந்நீரைத் தானே வைத்துக்கொள்ள வேண்டும். மஞ்சுநாட்டு வருஷம் எப்போது பிறக்கிறது என்று யோசிக்க அலுப்பாக இருந்ததால், தன் பிறந்தநாளான மார்ச் நாலாம் திகதியையே போட்டுவிட்டார்.

ஒரு சனிக்கிழமை அந்த நாட்காட்டியை அழகாக வரைந்து, "என் கற்பனை நாட்டின் நாட்காட்டி" என்று தலைப்பும் எழுதி, முகநூலில் போட்டார். பதினாலு பேர் லைக் போட்டார்கள். பதினைந்தாவது ஆள் ஆண்டியப்பன்.

ஆண்டியப்பன் மலையகத் தொன்மை மீட்புக் கழகத்தின் தலைவர். கழகத்தில் மூன்று பேர், மூவரும் தலைவர்கள்தான். இவர் மூத்த தலைவர். ஏதாவது ஒன்றை மீட்டே தீரவேண்டும் என்று நாலு வருஷமாகத் தவித்துக்கொண்டிருந்த மனிதர். படத்தின் மேல்பகுதியை வெட்டினார். "கற்பனை" போனது. "மூவாயிரம் ஆண்டுத் தொன்மை" வந்தது. தேயிலை இந்த மலைக்கு வந்தே நூற்றைம்பது வருஷம் சொச்சம்தான் என்பதெல்லாம் அவருக்கு ஒரு பொருட்டாகத் தெரியவில்லை.

டீச்சர் பதறிப்போய்ப் போன் எடுத்தார்.

"ஐயா, அது நான் கதைக்காக எழுதினதுங்க."

"தன்னடக்கம் வேணுந்தான் டீச்சர். அதுக்குன்னு இவ்வளவு ஆகாது."

"தன்னடக்கம் இல்லீங்க, நெசம். எங்க அடுப்படியில உக்காந்து எழுதினேன்."

"எழுதினது நீங்க. எழுத வச்சது முன்னோர்."

டீச்சர் போனை வைத்துவிட்டார்.

தை மாதம் நோர்வூட்டில் விழா வைத்தார்கள். கொழும்பிலிருந்து வந்த பேச்சாளர் ஒருவர், தன் சின்ன வயதில் வீட்டில் சும்மா நாள் கொண்டாடியதை நினைத்துக் கண் கலங்கினார். டீச்சருக்கும் பொன்னாடை போர்த்தினார்கள். "கண்டெடுத்தவர்" என்று அறிவித்தார்கள். டீச்சர் மைக்கைப் பிடித்து, "இது முழுக்கக் கற்பனைங்க" என்றார். கைதட்டல் அடங்க இரண்டு நிமிஷம் ஆனது. விழா முடிந்ததும் நாட்காட்டியை அச்சடித்துத் தோட்டம் தோட்டமாகக் கொடுத்தார்கள். தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்கு லயம் சாமிப் படங்களுக்குப் பக்கத்தில் அது ஆணியில் தொங்கியது.

பெப்ரவரி இருபத்தேழாம் திகதி காலை, பக்கத்துத் தோட்டத்தின் மேல் டிவிசனில், வேலைக்குப் பேர் கொடுக்கிற பெரட்டுக்கு ஒரு ஆள்கூட வரவில்லை. அறுபத்திரண்டு பேர் கொழுந்து எடுக்கிற டிவிசன். பேர் கூப்பிடப் போன கணக்கப்பிள்ளை வெறும் களத்தைப் பார்த்துக் கூப்பிட்டுவிட்டுத் திரும்பினார். சும்மா நாளாம்.

பத்து மணிக்கு மனேஜரின் ஜீப் பள்ளிக்கூட வாசலில் வந்து நின்றது. டீச்சர் வகுப்பைப் பக்கத்து டீச்சரிடம் விட்டுவிட்டு ஏறி உட்கார்ந்தார்.

பெரட்டுக் களத்தில், வேலைக்கு வராத பெண்கள் வேடிக்கை பார்க்க மட்டும் வந்திருந்தார்கள். ஆண்டியப்பன் முன்வரிசையில் கழுத்தில் சால்வையோடு நின்றார். மனேஜர் சிங்களவர், நல்ல மனிதர், கோபம் வந்தால் மட்டும் தமிழ் சுத்தமாக வரும். அன்றைக்கு மிகச் சுத்தமாக வந்தது.

"டீச்சர், ஒரே கேள்வி. இது பழைய வழக்கமா, புதுசா?"

"தைரியமா சொல்லுங்க டீச்சர், மூவாயிரம் வருஷம்!" என்றார் ஆண்டியப்பன்.

மூன்று மாதமாகத் தொண்டை வறள உண்மையைச் சொன்னபோது ஒருவரும் காது கொடுக்கவில்லை. இன்றைக்கு மூச்சுவிடாமல் கேட்கிறார்கள். உண்மையைச் சொன்னால் இந்தப் பெண்கள் மாட்டிக்கொள்வார்கள். சொல்லாவிட்டால் தன் முகத்தைத் தானே பார்க்க முடியாது. டீச்சருக்கு அழுகை வந்தது. அழுதுகொண்டே சொன்னார்.

"புதுசுங்க. நான்தான் எழுதினேன். யாரும் எங்கயும் கண்டெடுக்கல."

ஆண்டியப்பன் நெஞ்சில் கை வைத்தார். மனேஜர் முகத்தில் அன்றைய முதல் சிரிப்பு வந்தது. "கேட்டீங்களா? பொய் நாள். கூடையைத் தூக்குங்க" என்றார்.

ஒருத்தரும் அசையவில்லை. கூட்டத்திலிருந்து அழகம்மா முன்னால் வந்தார். இருபத்தாறு வருஷமாக அந்த மலையில் கொழுந்து எடுக்கிறவர்.

"அது எங்களுக்கு அப்பவே தெரியுங்க தொரை. எட்டு நாளைக்கு ஒருக்கா மலை சுத்தி வந்து கொழுந்து எடுக்கிறது நாங்க. அதை எங்ககிட்ட கேட்டுத்தான் டீச்சர் எழுதினாங்க."

"தெரிஞ்சே வேலைக்கு வரலியா?"

"பழசா இருந்தா எங்க பாட்டிமாரே இந்த லீவை எடுத்திருப்பாங்களே. அவங்க ஒருநாளும் எடுக்கல. புதுசுன்னு தெரிஞ்சதாலதான் நாங்க எடுக்கிறோம்."

மனேஜர் மிரட்டிப் பார்த்தார், பிறகு கெஞ்சியும் பார்த்தார். இரண்டாம் நாளும் யாரும் வரவில்லை. கொழுந்து முற்றத் தொடங்கியதும் அவரே இறங்கி வந்தார். ஐந்து நாள் கேட்டவர்களுக்கு வருஷத்துக்கு ஒருநாள் தருவதாகப் பேசி முடித்தார். மேலிடத்துக்கு என்ன எழுதுவது? வேலை நடக்காத இரண்டு நாளுக்கும் பதிவேட்டில் "கடும் மழை" என்று எழுதினார். அந்த வாரம் மலை முழுக்க வெயில் காய்ந்தது. கற்பனையில் மனேஜர் டீச்சரை மிஞ்சிவிட்டார்.

கழகம் அவசரக் கூட்டம் போட்டு, முன்னோரின் நாட்காட்டியைத் தன்னுடையது என்று சொல்லித் திருடியதற்காக டீச்சரை ஏகமனதாகக் கண்டித்தது. பொன்னாடையைத் திருப்பித் தரச் சொல்லிக் கடிதம் வந்தது. டீச்சர் அதைத் துவைத்து மடித்துக் கொடுத்தனுப்பினார்.

அந்த வருஷக் கடைசியில் நாவல் முடிந்தது. கொழும்பில் ஒரு பதிப்பகத்துக்கு அனுப்பினார். இரண்டு மாதத்தில் பதில் வந்தது. கதை நன்றாக இருக்கிறதாம். ஆனால் மலையக மக்களின் பழைய நாட்காட்டியை அப்படியே எடுத்துப் போட்டிருக்கிறாராம். சொந்தக் கற்பனை போதாதாம்.

டீச்சர் அதை நோர்வூட் பஸ் ஸ்டாண்டில் நின்று இரண்டு தரம் வாசித்தார். பிறகு சிரிப்பு வந்தது. அடக்க முடியாத சிரிப்பு. பக்கத்தில் நின்றவர்கள் கொஞ்சம் தள்ளி நின்றுகொண்டார்கள். ஹட்டன் பஸ் வந்ததும் ஏறி, ஜன்னலோரம் இடம் பிடித்து, வேறு எந்தப் பதிப்பகத்துக்கு அனுப்பலாம் என்று யோசிக்கத் தொடங்கினார்.