இல்லாத ஊரில் எது மேல்?

கற்பனை நகரங்களை வரைந்தவர்களின் கண்காட்சி அது. நான்கு மணிக்குத் திறப்பு. மூன்றரைக்கு, படம் மாட்ட வந்த ஆணிக்காரர் என் மனைவியின் ஓவியத்தை ஏந்தியபடி நின்றார்.

"சார், இதுல எது மேல், எது கீழ்?"

நடுவில் கடல். கரைக்கொரு நகரம், ஒன்றுக்கொன்று தலைகீழாக. இரண்டுக்கும் நிலா உண்டு.

"பின்னாடி அம்புக்குறி இருக்குமே?" என்றாள் கூட வந்திருந்த மச்சினி.

"சட்டம் போட்டவர் அட்டை ஒட்டிட்டாரும்மா. பிரிச்சா துணி கிழியும்."

மச்சினி என்னிடம் திரும்பினாள். "மாமா, அக்கா வரையும்போது நீங்க வீட்டுலதானே இருந்தீங்க?"

இருந்தேன். எட்டு மாதம் அந்தப் படம் சாப்பாட்டு மேசையை அடைத்துக் கிடந்தது. அவள் சுற்றிச் சுற்றி வந்து வரைவாள். எடுத்து வை என்று பலமுறை சொல்லியிருக்கிறேன், நின்று பார்த்ததில்லை. முடித்த மாதமே அவள் இறந்துபோனாள். இதுதான் அவளுடைய முதல் கண்காட்சி. தப்பாக மாட்டினால் திருத்த அவள் வரப்போவதில்லை.

"தெரியாது."

"நல்லா குடும்பம் நடத்தினீங்க, போங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள்.

படத்தைக் கிடத்தி மூவரும் குனிந்து தேடினோம்.

"இங்க ஒருத்தரைப் பாருங்க," என்றார் ஆணிக்காரர். "பறக்கிற பாம்பு பக்கத்து வீட்டை முழுங்குது. மனுஷன் மடியில தட்டை வெச்சுக்கிட்டு சோத்துலேயே கண்ணா இருக்கார்."

மேசை பறிபோன பிறகு நான் அப்படித்தான் சாப்பிட்டேன்.

"மாமா, இது நீங்க! அதே சொட்டை!"

"அப்ப முடிஞ்சுது. சார் நேரா இருக்கிற பக்கம்தான் மேல்."

"இருங்க, இருங்க."

மச்சினி எதிர் நகரத்தைக் காட்டினாள். மாடிப்படியில் சுண்டுவிரல் நகமளவு ஒரு பெண், கொண்டையில் தூரிகையைச் செருகியிருந்தாள். அவளேதான். அவள் நேராக நின்றால் நான் தலைகீழ்.

"யாராவது ஒருத்தர் தலைகீழாத்தான் இருக்கணும் போல," என்றார் ஆணிக்காரர்.

வாசலில் ஆட்கள் சேரத் தொடங்கியிருந்தார்கள்.

"அவளை நேரா வைங்க," என்றேன்.

"சோறு கொட்டிடும் மாமா."

"கொட்டட்டும்."

ஆணிக்காரர் திருப்பி மாட்டி, ரசமட்டம் வைத்துப் பார்த்தார்.

"சரியா சார்?"

பின்னால் நகர்ந்து பார்த்தேன்.

"இடது பக்கம் ஒரு நூலளவு ஏத்துங்க."