கோவர்த்தனன் வாயில் தெலுங்கு

இருநூற்றுப் பன்னிரண்டு ரூபாய் எட்டணா. வேலூரில் தலையைத் திறந்து மூளையிலிருந்த கட்டியை எடுத்தபோது கோவர்த்தனன் பத்திரிகை ஆபீசில் வாங்கிய முன்பணம் அது. சித்தூரில் அச்சான தமிழ் வாரப் பத்திரிகைக்குப் புத்தூரிலிருந்து எல்லைத் தகராறு பற்றி எழுதிக்கொண்டிருந்தான். எந்த ஊர் மெட்ராஸ் பக்கம், எந்த ஊர் ஆந்திராவோடு என்று எல்லாரும் மல்லுக்கட்டிய காலம்.

கட்டியோடு தமிழும் போய்விட்டது. காதில் விழுந்தால் புரியும். வாயைத் திறந்தால் தெலுங்குதான் வந்தது. தண்ணீர் கேட்க நினைத்தால் "நீள்ளு" என்றான். பேனாவைப் பிடித்தால் கை அப்படியே நின்றது.

டீக்கடை எத்திராஜ் சும்மா இருப்பானா?

"இன்னாபா, அந்தப் பக்கம் எவ்ளோ குட்த்தாங்க? தமிழ் ஊருன்னு மனு எழுதிட்டு இப்ப தெலுங்குல டீ கேக்குறே?"

"மண்டையில போட்ட தையலைப் பாத்துட்டுப் பேசு அண்ணா" என்றாள் கோவர்த்தனன் மனைவி மல்லிகா. சந்தையில் கீரை விற்பவள். இரண்டு பாஷையிலும் பேரம் பேசுவாள்.

பத்திரிகை முதலாளி நாகபூஷணம் ஆள் அனுப்பினார். கோவர்த்தனன் தனக்கு வந்த வியாதியைப் பற்றித் தானே எழுத வேண்டும். எழுதினால் முன்பணம் அதில் கழியும். முடியாவிட்டால் பணத்தைக் கட்டிவிட்டு வேலையை விட வேண்டியதுதான்.

அன்று தெலுங்கு தெரியாத பக்கத்து வீட்டுச் சென்னம்மா வந்து, ஆஸ்பத்திரியில் என்ன நடந்தது என்று கேட்டாள். கோவர்த்தனன் தெலுங்கில் சொல்லச் சொல்ல, சென்னம்மாவுக்காக மல்லிகா தமிழில் சொன்னாள்.

"மொட்டை அடிக்கச் சொல்ல, திருப்பதிக்கு வேண்டிக்கினது இங்கயே தீந்துச்சுன்னு நெனச்சாராம்."

சென்னம்மா சிரித்தாள். கோவர்த்தனன் சிரிக்கவில்லை. கீரைக் கட்டுக்கு வைத்திருந்த பழைய காகிதத்தை இழுத்து, அவள் சொன்னதை அப்படியே எழுதிவிட்டான். காதில் நுழைந்த தமிழ் கை வழியாக இறங்கியிருந்தது.

"மள்ளீ செப்பு, மள்ளீ செப்பு" என்று, மறுபடி சொல்லச் சொல்லி மல்லிகாவின் தோளைப் பிடித்து உலுக்கினான்.

"சொல்றேன், சொல்றேன். சோறு அடி பிடிக்குது, அத்த எறக்கிட்டு வரேன்."

சோறு தீய்ந்தே போயிற்று. அவன் தெலுங்கில் சொல்ல, அவள் தமிழில் திருப்பிச் சொல்ல, பக்கம் பக்கமாக நிறைந்தது. மறுநாள் முதல் பஸ்ஸில் இருவரும் சித்தூர் போனார்கள்.

நாகபூஷணம் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். "எந்த வாத்தியார் எழுதிக் குட்த்தது? பொய் சொன்னா இன்னிக்கே பணத்த வெச்சிட்டுப் போவணும்."

"அவரேதான் சாமி. எனக்குக் கையெழுத்தே வராது."

"அப்ப என் எதிர்ல எழுதட்டும். கத்தி வெக்கிறதுக்கு முன்னாடி இன்னாடா நெனச்சே?"

கோவர்த்தனன் தெலுங்கில் சொன்னான். மல்லிகா திருப்பினாள்: "இந்த வாரம் பேப்பருக்கு யாரு எழுதுவாங்கன்னு நெனச்சாராம்."

பேனா ஓடியது. நின்றது. மறுபடி ஓடியது. நாகபூஷணம் காகிதத்தை வாங்கி உரக்கப் படித்தார்: "இந்த வாரம் யார் எழுதுவார்கள் என்று நினைத்தேன். எழுதப்போகிறவன்மேல் பொறாமையாக இருந்தது."

மல்லிகா நிமிர்ந்தாள். "பொறாமைன்னு நான் சொல்லலியே. அவரும் சொல்லலியே."

கோவர்த்தனன் தன் கையையே பார்த்தான். கண்ணில் நீர் முட்டியது, வாயில் சிரிப்பு.

நாகபூஷணம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு உள்ளே குரல் கொடுத்தார்: "கணக்குப்பிள்ளை, கோவர்த்தனன் முன்பணம் கட்டுரைக் கூலியில கழிஞ்சுது. கணக்க அடிச்சுடு."