பெல்ட் புதுசு, உருளை பழசு

கறிக்கடைக்காரர் ஷெட்டுக்குள் வந்ததும் முதல் காரியமாக ஷட்டரை உள்பக்கமாக இழுத்துப் பூட்டினார். சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். அடுத்த காரியமாக, ஸ்பானரம்மாவின் புருஷன் முகத்தில் வெட்டுக்கத்தியின் தட்டைப் பக்கத்தால் ஒன்று விட்டார். நல்ல வெயில் நேரம், வெளியே ஆள் நடமாட்டம் இருந்தது. ஷட்டர் விழுந்த சத்தத்தைக் கேட்டவர்கள், உள்ளே பெயிண்ட் அடிக்கிறார்கள் போல என்று நினைத்துக்கொண்டு அவரவர் வழியில் போனார்கள்.

புருஷன் மூக்கைப் பொத்திக்கொண்டு டயர் அடுக்கின் மேல் சாய்ந்தான். விரலிடுக்கில் ரத்தம் வழிந்து சட்டைக்கு இறங்கியது.

"சத்தம் வந்துச்சுன்னா அடுத்தது கூர்ப்பக்கம்," என்றார் கறிக்கடைக்காரர்.

ஸ்பானரம்மா என்பது தெருக்காரர்கள் வைத்த பெயர். ஷெட் அவளுடையது, கைத்திறமையும் அவளுடையது. புருஷன் கூடமாட இருப்பான். எந்த வேலையைச் சொன்னாலும் 'அப்புறம் பாத்துக்கலாம்' என்பான். கழுவுகிற மீனில் நழுவுகிற மீன். அவன் சொதப்பிய வேலைக்கெல்லாம் வாடிக்கையாளரிடம் திட்டு வாங்குவது இவள்.

ஷெட்டின் நடுவில் அந்தக் கார் நின்றது. சற்று முன்புதான் இழுவை லாரிக்காரன் இறக்கிவிட்டுப் போனான். முன்பக்கம் அப்படியே இருந்தது. டிரைவர் பக்கக் கதவு மட்டும் உள்ளே போய் ஸ்டியரிங்கைத் தொட்டுக்கொண்டிருந்தது. சீட்டில் ரத்தம் காய்ந்து கறுத்திருந்தது. கறிக்கடைக்காரரின் மகன் ஓட்டிய வண்டி. மகனுக்கு இப்போதுதான் மீசை கனத்திருக்கிறது, கல்யாணப் பேச்சு நடந்துகொண்டிருந்தது.

"நாலு ரோடு சேர்ற எடத்துல நடுவுல நின்னுபோச்சு வண்டி. புள்ள சாவியத் திருகிட்டே இருந்திருக்கான். லாரிக்காரனால பிரேக் புடிக்க முடியல. நேத்து அவன் கால முழங்காலுக்குக் கீழ எடுத்துட்டாங்க." அவர் குரல் ஏறவேயில்லை, அதுதான் பயமாக இருந்தது. "பெல்ட்டு அறுந்ததாலதான் நின்னுச்சாம். அந்தப் பெல்ட்ட இங்கதான் புதுசா மாத்துனோம். யாரு மாத்துனது?"

அவள் புருஷனைப் பார்த்தாள். அவன் கண் தரைக்குப் போனது. அவன் ஏதோ சொதப்பியிருக்கிறான் என்று அந்த ஒரு பார்வையில் அவளுக்குப் புரிந்துவிட்டது.

"நான்தான்ணே மாத்துனேன்," என்றாள்.

இதைத் தியாகம் என்று யாரும் மாலை போட வந்துவிட வேண்டாம். மேசையிலிருந்து விழும் டம்ளரைப் பிடிக்கக் கை தானாகப் போகிறதல்லவா, அந்த மாதிரிப் பழக்கம். தங்கச்சி என்று கூப்பிடுகிற மனுஷன், பொம்பளை மேல் கத்தியை ஓங்க மாட்டார் என்ற நினைப்பும் இருந்தது. அந்த நினைப்பு தப்பு. அவர் அவள் கொண்டையைப் பிடித்து இழுத்து, நெற்றி பானெட்டில் மோதும்படி தள்ளினார்.

"அப்ப நீயே தொறந்து காட்டு. எதனால அறுந்துச்சுன்னு எங் கண்ணால பாக்கணும். பொய் சொன்னா இங்கயே வெட்டுவேன்."

டைமிங் பெல்ட் என்பது பல் வைத்த ஒரு ரப்பர் பட்டை, அவ்வளவுதான். எஞ்சினுக்குள்ளே கீழே சுற்றுகிற தண்டையும் மேலே சுற்றுகிற தண்டையும் ஒரே தாளத்தில் கட்டி வைத்திருப்பது அதுதான். பிரேக் தேய்ந்தால் கிறீச்சிடும், பேட்டரி போனால் முனகும். இது வாயே திறக்காது. ஓடிக்கொண்டே இருக்கும், ஒரு நொடியில் அறுந்துவிடும், மேலிருந்து இறங்கும் வால்வு கீழிருந்து ஏறும் பிஸ்டனில் மோதி உள்ளேயே எஞ்சின் செத்துப்போகும். அதனால்தான் கம்பெனி சொன்ன கிலோமீட்டர் வந்ததும், வண்டி அவ்வளவு ஓடாமலே நின்றிருந்தாலும் சொன்ன வருஷக்கணக்கு முடிந்ததும், பட்டையைக் கழற்றி எறிய வேண்டும். பட்டையை மட்டும் மாற்றினால் பாதி வேலை. அதை இழுத்துப் பிடித்திருக்கிற டென்ஷனர் உருளையையும், அதே பட்டையில் ஓடுகிற தண்ணி பம்பையும் சேர்த்து மாற்ற வேண்டும். இதை வாடிக்கையாளர்களிடம் சொல்லிச் சொல்லி அவள் தொண்டை வற்றியிருந்தது. அன்றைக்கும் மூன்றையும் அவளே கடைக்குப் போய் வாங்கிவந்து புருஷன் கையில் கொடுத்தாள்.

நெற்றியிலிருந்து இறங்கிய ரத்தத்தைத் தோளில் துடைத்துக்கொண்டு வேலையை ஆரம்பித்தாள். பேட்டரி ஒயரைக் கழற்றினாள். முன்சக்கரத்தை எடுத்தாள். எஞ்சினுக்கு அடியில் கட்டை வைத்து ஜாக்கியால் தாங்கிவிட்டு, எஞ்சினைப் பிடித்திருந்த பக்கத்துத் தாங்கியை அவிழ்த்தாள். கத்தி முனை அவள் கழுத்துக்குப் பின்னால் எங்கேயோ இருந்தது. குனியும்போதெல்லாம் சில்லென்று பட்டது. கழற்றிய போல்ட்டுகளைக் கழற்றிய வரிசையிலேயே தட்டில் அடுக்கினாள். ஒன்றுகூடக் கீழே விழவில்லை. கறிக்கடைக்காரர் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

கீழே இருக்கும் பெரிய கப்பியைக் கழற்ற நீளமான இரும்பு ராடைப் போட்டு ஏறி மிதிக்க வேண்டியிருந்தது. அந்த ராடை அவள் கையில் எடுத்ததும் அவர் புருஷனின் தலைமுடியைப் பிடித்து நிமிர்த்தி, கத்தியை அவன் தொண்டையில் வைத்தார். "கப்பிய மட்டும் கழட்டு," என்றார். கழற்றியதும் ராடைக் காரின் அடியில் உதைத்துத் தள்ளினார்.

பெல்ட்டின் மேலிருந்த மூடி கழன்று வந்தது. உள்ளேயிருந்து தீய்ந்த ரப்பர் நாற்றம் அடித்தது. பெல்ட் புதுசுதான், மேலே அச்சடித்த எழுத்துகூட அழியவில்லை. ஆனால் ஒரு பக்கம் உருகிப் பல் உதிர்ந்து கந்தலாகக் கிடந்தது. அதற்குப் பக்கத்தில் டென்ஷனர் உருளை. பழசு. சூட்டில் நீலம் பாரித்து, அசையாமல் இறுகியிருந்தது.

புருஷன் பட்டையை மாட்டி முடித்த அன்று, இவள் வந்து ஸ்பானர் போட்டு எஞ்சினைக் கையாலேயே முழுசாகச் சுற்றிப் பார்த்தாள். அது அவள் கடைச் சட்டம். கையால் சுற்றி, பட்டை சரியாக உட்கார்ந்ததைக் காட்டும் குறிகள் நேருக்கு நேர் வந்து நின்றால்தான் சாவி போட வேண்டும். வந்து நின்றன. பழைய உருளையிலும் குறி சரியாகத்தான் வரும், அதில் ஒரு குறையும் தெரியாது. அவள் அதோடு திருப்தியாகிவிட்டாள். டார்ச் அடித்துக் கீழே ஒரு பார்வை பார்த்திருக்கலாம். தும்பை விட்டுவிட்டு இப்போது வாலைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"என்ன?" என்றார் அவர்.

"ரப்பர் சரியில்லண்ணே. கம்பெனி மோசம் பண்ணிட்டான்."

அவர் குனிந்தார். பெல்ட்டை விட்டுவிட்டு உருளையில் கட்டைவிரலை வைத்துத் தள்ளினார். அசையவில்லை.

"இது சுத்தணுமா, கூடாதா?"

அவள் பெல்ட்டின் கந்தலைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"ஆட்டுத் தொடையில மூட்டத் திருகித் திருகியே என் ஆயுசு போச்சு. திரும்ப வேண்டியது திரும்பலைன்னா எனக்குத் தெரியாதா? சொல்லும்மா."

"சுத்தணும்ணே."

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கப் பார்த்தால் இப்படித்தான். அவர் அவள் இடது கையைப் பிடித்து இழுத்துப்போய், மேசையிலிருந்த, இரும்பை இறுக்கிப் பிடிக்கிற வைஸின் வாய்க்குள் திணித்துக் கைப்பிடியைத் திருகினார். அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள்.

"எதுக்குப் பழச விட்டே?"

அவளுக்குத் தெரியாது. மெய்யாகவே தெரியாது. புதுசை வாங்கிக் கொடுத்தாளே, அதை ஏன் அவன் போடவில்லை?

இன்னொரு திருகு. உள்ளே ஏதோ நொறுங்கியது அவள் காதுக்கே கேட்டது. இப்போது தோளில் வாயைப் புதைத்துக்கொண்டு கத்திவிட்டாள். கத்திக்கொண்டே புருஷனைப் பார்த்தாள். அவன் டயர்களுக்கு நடுவில் உட்கார்ந்து தன் மூக்கைத் தொட்டுத் தொட்டு விரலைப் பார்த்துக்கொண்டிருந்தான். கட்டின பெண்டாட்டியின் கையை ஒருத்தன் வாழைத்தண்டு மாதிரி நசுக்குகிறான், இவனுக்குத் தன் மூக்கு பெரிசாக இருந்தது.

"எதுக்கு விட்டேன்னு கேட்டேன்."

"தெரியலண்ணே."

கறிக்கடைக்காரரின் கை நின்றது. திரும்பிக் காரிடம் போனார். உருளையின் நடுவிலிருந்த போல்ட்டை நன்றாகக் குனிந்து பார்த்தார். பிறகு தட்டில் அடுக்கியிருந்த போல்ட்டுகளைப் பார்த்தார். பல் கடிக்கிற மாதிரி அவர் தாடை அசைந்தது.

"உளி வச்சு அடிச்சிருக்கான். தலையே மழுங்கிப்போயிருக்கு. நீ இவ்வளவு கழட்டுனியே, ஒண்ணுல ஒரு கீறல் இருக்கா? எங்கடையில எந்தக் கறிய எந்தப் பையன் வெட்டுனான்னு வெட்டப் பாத்தே சொல்லுவேன். இது உங்கையே இல்ல."

அவர் புருஷன் பக்கம் நடந்தார். அவன் டயர்களின் மேல் பின்னால் ஏறப் பார்த்தான், அடுக்கு சரிந்து விழுந்தது. அவன் காலைப் பிடித்துத் தரதரவென்று இழுத்துவந்தார்.

"அவதான்ணே சொன்னா," என்றான் புருஷன். மூக்கடைப்பில் குரல் குழந்தைக் குரலாக வந்தது. "போல்ட்டு வரமாட்டேங்குது, என்ன பண்ணன்னு கேட்டேன். பழசே நல்லாத்தான இருக்கு, அப்படியே விடுன்னா. நான் இங்க வேலைக்காரன் மாதிரிண்ணே. அவ சொல்றதத்தான் செய்வேன். அவளயே கேளுங்க."

இத்தனை வருஷத்தில் அவன் எத்தனையோ பொய் சொல்லியிருக்கிறான். அதையெல்லாம் சோம்பேறியின் பொய் என்று அவள் மன்னித்துவிட்டிருந்தாள். இந்தப் பொய் அப்படியில்லை. வைஸில் மாட்டியிருந்த கையைவிட அது அதிகமாக வலித்தது.

கறிக்கடைக்காரர் அவளைக் கேட்கவில்லை. புருஷனின் வலது கையை மேசை மேல் விரித்து வைத்து முழங்கையால் அமுக்கினார். "இந்தக் கையா?" என்று கேட்டுவிட்டுக் கத்தியை ஓங்கினார்.

அவளுக்கு வலது கை சும்மா இருந்தது. புருஷனின் கையை அவர் விரித்து வைப்பதற்குள் வைஸின் கைப்பிடியைத் தளர்த்தி இடது கையை எடுத்துவிட்டிருந்தாள். காரின் அடியில் கிடந்த ராடை எட்டி இழுத்து, ஓங்கிய மணிக்கட்டில் அடித்தாள். சுள்ளி முறிகிற சத்தம் கேட்டது. கத்தி தரையில் விழுந்து சுழன்றது. அவர் மணிக்கட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு மண்டியிட்டார்.

அத்தோடு முடிந்திருக்க வேண்டும். ஆனால் அடிபட்டுக் கிடப்பவனைக் கண்டால் சிலருக்கு வீரம் வந்துவிடுகிறது. புருஷன் பாய்ந்து கத்தியை எடுத்தான். "எம்மேலயாடா கை வெக்கிற," என்று மண்டியிட்டிருந்தவரின் தோளில் ஒரு வெட்டு வெட்டினான். சட்டை கிழிந்து சதை பிளந்தது. இரண்டாவது வெட்டுக்குக் கத்தியைத் தூக்கினான். இந்தத் தடவை குறி கழுத்துக்கு.

முதல் அடியை அவள் யோசித்து அடிக்கவில்லை. இதை யோசித்தே அடித்தாள். இடம் பார்த்து, காலை ஊன்றி, அவன் முழங்கால் சில்லில் ராடை வீசினாள். அவன் விழுந்து உருண்டான். கத்தியை மறுபடி பற்றிய கையின் மேல் ராடின் முனையை ஊன்றி நின்றாள்.

"நீ கீழ போடு அத," என்றாள். கல்யாணமான நாளிலிருந்து அவனை 'நீங்க' என்றே கூப்பிட்டவள். "அவரு புள்ளைக்குக் கால் இல்ல. உன்னால. நீ அவரையே வெட்டுறியா?"

"ஏய், நான் உம் புருஷன்."

"அதுக்குத்தான் தலையில அடிக்கல."

அவன் முனகிக்கொண்டே விரல்களைத் திறந்தான். அவள் கத்தியைக் காலால் தள்ளிவிட்டுக் கறிக்கடைக்காரர் முன்னால் உட்கார்ந்தாள். அவளுடைய நசுங்கிய கை வீங்கி விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டிருந்தன. வண்டி துடைக்கிற துணியில் சுத்தமானதாக ஒன்றைத் தேடி, சுருட்டி அவர் தோளில் அழுத்தினாள்.

"மாட்டுனது இவன்தான்ணே. புது உருளைய நான் வாங்கிக் குடுத்தேன், இவன் போடல. விடச் சொன்னேன்னு சொல்றது பொய். ஆனா அத நான் பாக்காம விட்டது நெசம். கையால சுத்திப் பாத்தேன், குறி சரியா வந்துச்சு, போதும்னு சாவியக் குடுத்துட்டேன்."

அவர் அவளையே பார்த்தார். வெறி இறங்கிய முகத்தில் இப்போது வெறும் அப்பன்தான் இருந்தார். "இத எம் புள்ளகிட்ட யாரு சொல்றது?" என்றார்.

"நான் சொல்றேன்."

அவருடைய சட்டைப்பையிலிருந்து அவளே சாவியை எடுத்து ஷட்டரைத் தூக்கினாள். வெளிச்சம் உள்ளே வந்ததும் தெரு ஆட்கள் எட்டிப் பார்த்தார்கள், ஒருத்தர் ஆட்டோவைக் கூப்பிட்டார். புருஷனைத் தூக்கப் போனவர்கள் பக்கம் அவள் திரும்பியும் பார்க்கவில்லை.

ஆஸ்பத்திரியில் கறிக்கடைக்காரரை உள்ளே கொண்டுபோனார்கள். அவள் கைக்கும் கட்டுப் போடுவதாக நர்ஸ் கூப்பிட்டாள். இதோ வருகிறேன் என்று சொல்லிவிட்டு மாடிக்குப் போனாள். கறிக்கடைக்காரரின் மகன் கட்டிலில் விழித்துக்கொண்டு படுத்திருந்தான். போர்வையின் ஒரு பக்கம் முழங்காலுக்குக் கீழே தட்டையாக இருந்தது. அவளைப் பார்த்ததும் எழுந்திருக்கப் பார்த்தான்.

"அக்கா, உங்களத்தான் கேக்கணும்னு இருந்தேன். நடுரோட்டுல நின்னப்ப நான் எதையாவது தப்பா மிதிச்சுட்டனாக்கா? கண்ண மூடுனா அதேதான் வருது."

"இல்லப்பா. நீ ஒரு தப்பும் பண்ணல." அவள் கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். "எங்க தப்பு. என் புருஷன் பழைய உருளையவே விட்டுட்டான். நான் பாக்காம ஓட்டச் சொல்லிட்டேன்."

அவனுக்குப் புரியக் கொஞ்ச நேரம் பிடித்தது. புரிந்ததும் பக்கத்து மேசையிலிருந்த ஸ்டீல் டம்ளரை எடுத்து, உடம்பிலிருந்த பலத்தையெல்லாம் சேர்த்து அவள் முகத்தில் எறிந்தான். புருவம் கிழிந்தது. தண்ணீரும் ரத்தமும் கழுத்தில் இறங்கின. டம்ளர் கட்டிலுக்கு அடியில் உருண்டது. அவள் குனிந்து அதை எடுத்து, அவன் கைக்கு எட்டுகிற இடத்தில் மறுபடி வைத்துவிட்டு அங்கேயே நின்றாள்.