சூப்பர்வைசராகப் போனவர்

மகள் வெள்ளைச் சட்டையின் காலருக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். பக்கத்து அறையில் அப்பாவைக் குளிப்பாட்டித் துடைத்துவிட்டார்கள்; சட்டைக்குத்தான் காத்திருந்தார்கள். இருபத்தாறு வருஷம் ஒரே ஓட்டலில் பரிமாறியவரை வேறு எந்த உடுப்பிலும் அனுப்ப அம்மாவுக்கு மனசில்லை. சட்டைப் பையின் மேல் இரண்டு பொடி ஓட்டைகள் இருந்தன, பேட்ஜ் குத்தியிருந்த இடம். எவ்வளவு அழுத்தித் தேய்த்தும் அவை மூடிக்கொள்ளவில்லை.

பேட்ஜ் எங்கே என்று அம்மா கேட்டாள். தெரியாது என்றாள் மகள். அது உண்மைதான். அன்றைக்கு அந்த வீட்டில் அவள் வாயிலிருந்து வந்த கடைசி உண்மையும் அதுதான்.

நாலு வருஷத்துக்கு முன்னால் முதலாளி அப்பாவின் முதுகில் தட்டி, இனிமேல் நீதான் சூப்பர்வைசர் என்று ஒரு பித்தளைத் தகட்டைக் குத்திவிட்டார். சம்பளத்தில் ஒரு காசு ஏறவில்லை. வேலையும் மாறவில்லை, அதே தட்டு, அதே தண்ணீர் ஜக்கு, அதே எச்சில் மேஜை. ஆளைச் சேர்ப்பதும் விரட்டுவதும், யாருக்கு எந்த நேரம் வேலை என்று எழுதுவதும் எப்போதும்போல முதலாளிதான். ஆனால் மனுஷன் அன்றைக்குக் கண்ணாடி முன்னால் நின்ற நேரத்தில் நாலு பேர் சாப்பிட்டு எழுந்திருக்கலாம். காய்கறி வாங்கப் போனால்கூட பேட்ஜோடுதான் போனார்.

ஓட்டலில் டிப்ஸ் போட கல்லாவுக்குப் பக்கத்தில் ஒரு டப்பா உண்டு. வாரக் கடைசியில் அதைத் திறந்ததும் முதலாளி பாதியை அள்ளிக்கொள்வார், உடைந்த தட்டுக்கு என்று. மிச்சத்தைச் சர்வர்கள் ஆறு பேரும் பிரித்துக்கொள்வார்கள். "எங்க ஓட்டல்ல சோத்தை விட தட்டுதான் ஜாஸ்தி செலவாகுது" என்று அப்பா வீட்டில் சொல்லிச் சிரிப்பார். மகளுக்குச் சிரிப்பு வரவில்லை, பற்றிக்கொண்டு வந்தது. அவள் வக்கீல் ஆபீசில் டைப்பிஸ்ட். டிப்ஸ் பரிமாறுகிறவர்களுக்கே சொந்தம், முதலாளி தொடக்கூடாது என்று சட்டம் இருப்பது ஒருநாள் ஒரு கேஸ் கட்டைப் புரட்டியபோது கண்ணில் பட்டது. யாரிடமும் மூச்சு விடாமல், பேரும் போடாமல், தொழிலாளர் ஆபீசுக்கு ஒரு மனு டைப் செய்து அனுப்பினாள்.

சட்டத்தில் இருந்த வரியை அப்படியே இறக்கினாள்: முதலாளியோ, மேனேஜரோ, சூப்பர்வைசரோ டிப்ஸில் பங்கு எடுக்கக் கூடாது. எதையும் ஒரு எழுத்து விடாமல் டைப் செய்வது அவள் பழக்கம். அதற்காக வக்கீல் அவளை நாலு பேர் முன்னால் பாராட்டியிருக்கிறார். சொந்த வீட்டில் ஒரு சூப்பர்வைசர் கண்ணாடி பார்த்துக்கொண்டிருந்தது அவளுக்கு அப்போது உறைக்கவில்லை.

விசாரிக்க ஆபீசர் வந்தார். இங்கே சூப்பர்வைசர் யார் என்று கேட்டார். முதலாளி வாயைத் திறக்கவே இல்லை. அப்பா நெஞ்சை நிமிர்த்தி, நான்தான் சார் என்றார். ஆட்களை மேய்ப்பதெல்லாம் நீங்களா என்றதற்கு, எல்லாமே நான்தான் சார் என்றார். கையெழுத்து போடச் சொன்ன இடத்திலெல்லாம் படிக்காமல் போட்டார். உத்தரவு வந்தபோதுதான் விஷயம் தெரிந்தது. சூப்பர்வைசர் எடுத்த பங்கு தப்பு, நாலு வருஷத்துக்கும் திருப்பிக் கொடுக்க வேண்டும். உடைந்த தட்டுக்குப் போன பாதியும் சூப்பர்வைசர் எடுத்ததுதான் என்று முதலாளி எழுதியிருந்தார். அதன் கீழேயும் அப்பாவின் கையெழுத்து அழகாக இருந்தது.

அன்றைக்கே பேட்ஜைக் கழற்றி முதலாளி மேஜையில் வைத்துவிட்டு வந்தார். முதலாளி அள்ளிய பாதி ரகசியமாக இவரிடம்தான் போனது என்று கையெழுத்தைப் பார்த்து நம்பிவிட்டு, கூட வேலை பார்த்த ஐந்து பேரும் முகம் கொடுத்துப் பேசவில்லை. பதினோரு நாள் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். நேற்றுக் காலை எங்கேயோ போகப்போகிறவர்போல ஷூவை மாட்டினார். லேஸ் கட்டக் குனிந்தவர் நிமிரவில்லை.

அந்த ஐந்து பேரும் இப்போது வந்திருந்தார்கள். முதலாளி போகச் சொன்னதால் வந்தார்கள். வீட்டுக்குள் வராமல் தெருவின் எதிர்ச் சாரியில் நின்றார்கள். அம்மா தண்ணீர் கொடுத்தனுப்பியதற்கு வேண்டாம் என்று கையை ஆட்டிவிட்டார்கள். அதில் நெட்டை என்கிறவன் இந்த வீட்டில் எத்தனையோ தடவை கை நனைத்தவன். அவன்தான் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னான்.

"செத்துட்டா திருடன் நல்லவன் ஆயிடுவானா?"

அம்மா அதைக் கேட்டாள். தண்ணீரோடு திரும்பி வந்த செம்பை வாங்கி உள்ளே வைத்தாள்.

அப்பாவுக்குச் சட்டை போட்டு முடித்த கையோடு முதலாளியின் கார் வந்தது. மாலையை வைத்துவிட்டு அவர் கொஞ்ச நேரம் தலை குனிந்து நின்றார்; நடிப்பு என்று யாரும் சொல்ல முடியாது, அவ்வளவு பழக்கம். பிறகு சட்டைப் பையிலிருந்து பேட்ஜை எடுத்தார். நன்றாகத் துடைத்துப் பளபளவென்று கொண்டுவந்திருந்தார்.

"கடைசி வரைக்கும் இவர் எங்க சூப்பர்வைசர்தான் தங்கச்சி. இதைக் குத்தி அனுப்புங்க."

அம்மா அதற்குத்தான் முதல் தடவையாக அழுதாள். அவள் கண்ணைத் துடைப்பதற்குள் முதலாளி ஒரு காகிதத்தையும் நீட்டினார். இவர் ஆள் சேர்த்தார், வேலை நேரம் எழுதினார், தீர்ப்பு சரிதான், குடும்பத்தில் யாரும் அப்பீல் போக மாட்டோம் என்று இருந்தது. கையெழுத்து போட்டால் திருப்பிக் கட்ட வேண்டியதைத் தானே கட்டிவிடுவதாகச் சொன்னார்.

அம்மா காகிதத்தை மகளிடம் கொடுத்தாள். "நீ வக்கீல் ஆபீஸ்ல இருக்கியே, படிச்சுப் பாரு. போடலாமா?"

மகளுக்கு ஒரு தடவை படித்ததுமே எல்லாம் விளங்கிவிட்டது. அப்பீலுக்கு இன்னும் பதினெட்டு நாள் இருக்கிறது. இறந்தவருக்காக வாரிசு போகலாம். சட்டம் பார்ப்பது சட்டையில் குத்தியதை இல்லை, செய்த வேலையை. எதிர்ச் சாரியில் நிற்கிற ஐந்து பேரில் ஒருவன், இவரும் எங்களோடு தட்டுத்தான் தூக்கினார் என்று சொன்னால் போதும். அப்பா திருடனில்லை என்று அதே ஆபீஸ் எழுதிக் கொடுக்கும். முதலாளி இந்தக் காகிதத்தைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்ததே அதனால்தான். அவள் வாயைத் திறந்தாள்.

"பாப்பா நிதானமாப் படிக்கட்டும்" என்றார் முதலாளி. "அதுக்குத் தெரியாத சட்டமா? அந்த மொட்டைக் கடுதாசியை ஆபீசர் எனக்குக் காட்டினார் தங்கச்சி. ஒரு பிழை கிடையாது. தினமும் டைப் அடிச்சுப் பழகின கை."

அவர் மகளைப் பார்க்கவில்லை. அம்மாவைப் பார்த்துத்தான் சொன்னார். அம்மாவுக்கு அழுகை நின்றுவிட்டது.

"அந்தக் கை அழுகிப் போகணும்" என்றாள். சத்தம் போடவில்லை. கேட்டதைக் கொடுக்கிற யாரோ எதிரில் இருப்பதுபோல, அமைதியாகக் கேட்டாள்.

மகள் காகிதத்தை மறுபடி மேலிருந்து பார்த்தாள். சொல்லிவிடலாம். சொன்னால் அப்பா திருடனில்லை என்று ஆகும். மனு போட்டது யார் என்று முதலாளி சொல்லிவிடுவார், அம்மாவுக்கு இனி மகள் கிடையாது என்றும் ஆகும். அப்பா போய்விட்டார், அம்மா இருக்கிறாள் என்று அவள் கணக்குப் போட்டாள். அப்படி நினைத்ததற்கே தன் மேல் அருவருப்பாக இருந்தது. ஆனாலும் பயம்தான் ஜெயித்தது.

"போடலாம்மா" என்றாள்.

இஸ்திரி போட்ட மேஜையில் காகிதத்தை விரித்துப் பிடித்ததும் அவள்தான். துணி இன்னும் சூடாக இருந்தது. அம்மா ஒவ்வொரு எழுத்தாகப் பெயரை எழுதி முடித்தாள். முதலாளி மை காயும்வரை ஊதி மடித்துக்கொண்டார். எதிர்ச் சாரியில் ஐந்து பேரும் வெயிலுக்குக் கொஞ்சம் தள்ளி நின்றுகொண்டார்கள்.

பேட்ஜை மகளையே குத்தச் சொன்னார் முதலாளி. ஊசியை எங்கே வைப்பது என்று தேட வேண்டியிருக்கவில்லை. இரண்டு முனையும் பழைய ஓட்டைகளில் தானாக இறங்கின. கீழே அப்பாவின் நெஞ்சு கட்டையாக இருந்தது. முதலாளி செல்போனை எடுத்துத் தலைமாட்டில் வாகாக நின்றார். பேட்ஜ் ஒருபக்கம் சாய்கிறது, நேராக வை என்றார். அவள் நேராக வைத்துவிட்டு, மறுபடி சாயாமல் விரலால் பிடித்துக்கொண்டாள்.

"உன் கை படத்துல விழுது பாப்பா" என்றார் முதலாளி. "எடுத்துடு."

அவள் கையை எடுத்தாள்.